கோர்ட்டுக்குப் போன பிடி அரிசி

அக்கா,

இன்று காலை கடையிலிருந்து வந்த புழுங்கல் அரிசி மூட்டையின் வாயைப் பிரித்தேன். அவித்துக் காயவைத்த நெல்லின் வாசனையும் சாக்கு வாசனையும் சேர்ந்து முகத்தில் அடித்தது. மற்றவர்களுக்கு அந்த வாசனையில் பசி வரும். எனக்குக் கோபம் வந்தது. வேறு யார் மேல்? உங்கள் மேல்தான். நீங்கள் போய்ச் சேர்ந்து இத்தனை காலமான பிறகும் உங்கள் மேல் கோபப்பட எனக்கு ஓர் அரிசி மூட்டை போதுமாக இருக்கிறது.

நேற்று செங்கல்பட்டுக் கோர்ட்டுக்குப் போய்விட்டு வந்தேன். ஏன் போனேன், என்ன நடந்தது என்பதைக் கடைசியில் சொல்கிறேன். அதற்கு முன்னால் உங்களிடம் சண்டை போட்டாக வேண்டும். நீங்கள் இருந்தபோது போட்ட சண்டைகளில் ஒன்றிலாவது நான் ஜெயித்ததாக ஞாபகம் இல்லை. இப்போது உங்களால் பதில் சொல்ல முடியாது, அதனால் தைரியமாக எழுதுகிறேன்.

அந்த வாசனை நம் சர்ச்சின் பின்னறை வாசனை. தாம்பரத்தில் நம் சபையில் எந்த வீட்டில் உலை வைத்தாலும், அளந்து எடுத்த அரிசியிலிருந்து ஒரு பிடியைத் தனியாக ஒரு டப்பாவில் போட்டுவிட்டுத்தான் மீதியைக் களைவார்கள். ஞாயிற்றுக்கிழமை அதைத் துணிப்பையில் கொண்டுவந்து பின்னறையில் இருக்கும் பெரிய தகர டின்னில் கொட்ட வேண்டும். அந்த டின்னுக்கு அதிகாரி நீங்கள். சானடோரியம் காசநோய் ஆஸ்பத்திரியில் டியூட்டி முடித்துவிட்டு நர்ஸ் உடுப்போடு நேராக வந்து நிற்பீர்கள். பச்சரிசி, புழுங்கல், ரேஷன் அரிசி, நொய், யார் வீட்டிலிருந்தோ வரும் சிவப்பரிசி எல்லாம் ஒன்றாகக் கலந்து கிடக்கும். ஆராதனை முடிந்ததும் ஏலம். கலந்த அரிசி ஒரு பதமாக வேகாது. ஒன்று குழையும்போது இன்னொன்று விறைத்துக்கொண்டு நிற்கும். அதை யாரும் ஆசைப்பட்டு ஏலம் எடுத்தது கிடையாது. கடமைக்கு எடுத்து, கடமைக்குப் பொங்கி, முகம் சுளிக்காமல் சாப்பிட்டார்கள்.

அந்த அரிசி விற்ற காசில்தான் சர்ச் எழும்பியது. ஜன்னல் உயரம் வரைக்கும் சுவர் வந்து நின்று, மேலே போக வழியில்லாமல் வருஷக்கணக்கில் நின்றதை நீங்களும் பார்த்தீர்கள். அந்தக் குட்டிச்சுவருக்குள் பாய் விரித்து உட்கார்ந்து பாடினோம். என் அம்மா அப்போது இருந்தாள். எங்கள் வீட்டில் உலைக்குப் போகும் அரிசியில் ஒரு பிடி குறைந்தால் அது அவள் தட்டில்தான் குறையும். அப்பாவுக்கும் எனக்கும் போட்டுவிட்டு, "எனக்குப் பசியில்ல" என்பாள். அவள் இறந்த பிறகு சர்ச்சின் சுவரைப் பார்க்கும்போதெல்லாம், அம்மா சாப்பிடாமல் விட்ட சோறு இதில் எங்கேயோ இருக்கிறது என்று நினைத்துக்கொள்வேன். இதை உங்களிடம் ஒருமுறை சொன்னேன். தலையை ஆட்டினீர்கள். புரிந்துகொண்டீர்கள் என்று நம்பினேன்.

நிலம் முனுசாமி அண்ணாவின் அப்பா கொடுத்தது. அவர்கள் இந்த ஊரின் பழைய குடும்பம். வயலெல்லாம் மனையாகி, அண்ணா ரயில்வே கேட் அருகே விறகை எடைபோட்டு விற்கும் தொட்டி வைத்திருந்தார். வருஷா வருஷம் குன்றத்தூருக்குக் காவடி எடுக்கிறவர்கள், நமக்குச் சர்ச் கட்ட இடம் கொடுத்தார்கள். நம் சபைக்கு ரெஜிஸ்டர் ஆன சங்கம் எதுவும் இல்லாததால் பத்திரத்தை மிஷன் பேரில் எழுதினார்கள். அன்று இருந்த வெள்ளைக்காரப் போதகர் நல்ல மனிதர். யாருக்கும் அதில் ஒரு சந்தேகமும் வரவில்லை. கணக்கு டீச்சரான எனக்கே வரவில்லை.

அறுபதுகளில் அந்த வெள்ளைக்கார மிஷனரிகள் தங்கள் ஊர் திரும்பினார்கள். மிஷன் சொத்துக்களெல்லாம் பட்டணத்தில் இருந்த ஒரு டிரஸ்டுக்குக் கைமாறின. டிரஸ்டில் இருந்தவர்கள் வேற்று மனிதர்களா என்ன? நம்மைப் போலவே ஜெபிப்பவர்கள், நம் பாட்டையே பாடுபவர்கள். ஒருநாள் டேப்போடு இரண்டு பேர் வந்து காம்பவுண்டை அளந்தார்கள். சர்ச்சும் பக்கத்து ஹாலும் டிரஸ்டின் சொத்து, ஹாலைக் காலி செய்யுங்கள், ரோட்டைப் பார்த்த இடம், சைக்கிள் கம்பெனிக்குக் கோடவுனாக விடப்போகிறோம் என்றார்கள். அந்த ஹாலில்தான் நீங்கள் பெண்களுக்குத் தையல் வகுப்பு வைத்திருந்தீர்கள். சபை கூடிப் பேசி, சர்ச்சும் ஹாலும் எங்களுடையது என்று அறிவிக்கக் கோரி வழக்குப் போட்டது.

வழக்குப் போட்டவுடன் கோர்ட் ஓர் உத்தரவு போட்டது. எல்லாம் இருக்கிறது இருக்கிறபடியே இருக்க வேண்டுமாம், யாரும் எதிலும் கை வைக்கக் கூடாதாம். அந்த ஐப்பசி மழையில் ஓடு உடைந்தது. ஓட்டை மாற்றினால் நிலைமையை மாற்றியதாகிவிடும் என்று வக்கீல் பயமுறுத்தினார். டிரஸ்ட்காரர்களும் மாற்றவில்லை. கோர்ட் ஒரு ஓட்டுக்கு அனுமதி கொடுக்கத் தை மாதம் ஆகிவிட்டது. அதுவரைக்கும் நீங்கள் ஆர்மோனியத்துக்குக் குடை பிடித்துக்கொண்டு நின்றீர்கள். போதகர் பிரசங்கத்தில் நோவாவைப் பற்றி ஆரம்பித்ததும் எல்லாரும் சிரித்துவிட்டோம். அப்போது நமக்குச் சிரிப்பு இருந்தது, ஏனென்றால் ஜெயித்துவிடுவோம் என்று நம்பினோம்.

ஜெயிக்க வேண்டிய வழக்குதான் அக்கா அது. இதை நான் சாகும்வரை சொல்வேன். பத்திரம் யார் பேரில் இருந்தாலும், கட்டியது சபை, பயன்படுத்தியது சபை, மிஷன் வெறும் பெயருக்குத்தான் வைத்திருந்தது என்று நிரூபித்தால் போதும் என்றார் வக்கீல். இடம் கொடுத்ததற்கு முனுசாமி அண்ணா சாட்சி. கட்டியதற்கு நீங்கள் சாட்சி. பிடி அரிசியின் ஒவ்வொரு வருஷமும் உங்களுக்குத் தெரியும். உங்களைவிடப் பொருத்தமான சாட்சி உலகத்தில் கிடையாது என்று வக்கீலிடம் அடித்துச் சொன்னவள் நான்.

முதலில் முனுசாமி அண்ணா கூண்டில் ஏறினார். டிரஸ்டின் வக்கீல் அவரைப் பத்திரத்தைக் காட்டி மடக்கப் பார்த்தார்.

"இதோ பார் சார், பத்ரத்துல இன்னா கீதோ எனக்குத் தெரியாது. எங்க நைனா எடம் குட்த்தாரு, இந்த ஜனங்க கட்னாங்க, இவங்கதான் உள்ள குந்திகினு பாடிகினு கீறாங்க. நீ எங்கேந்து வந்த?" என்றார் அண்ணா.

கோர்ட்டே சிரித்தது. முன்சீப்கூட வாயைக் கைக்குட்டையால் மூடிக்கொண்டார். பாதி ஜெயித்துவிட்டோம் என்று நினைத்தேன்.

அடுத்தது நீங்கள். பிடி அரிசியைப் பற்றி நம் வக்கீல் கேட்டதற்கெல்லாம் அவ்வளவு அழகாகச் சொன்னீர்கள். டின்னைச் சொன்னீர்கள், ஏலத்தைச் சொன்னீர்கள், பஞ்சம் வந்து வீட்டுக்கு வீடு கோதுமைக் கஞ்சி குடித்த காலத்திலும் பிடி நிற்கவில்லை என்று சொன்னீர்கள். அப்புறம் டிரஸ்டின் வக்கீல் எழுந்தார். குரலை உயர்த்தவேயில்லை, சானடோரியத்தில் நோயாளியின் சொந்தக்காரர் விசாரிப்பதைப் போல மரியாதையாகக் கேட்டார்.

"அந்த அரிசிய யாருக்கும்மா குடுத்தீங்க?"

"ஆண்டவருக்கு."

"சபைக்கு இல்லையா?"

"சபைக்கு எதுக்கு சார்? ஆண்டவருக்குன்னு சொல்லித்தான் பிடி எடுத்து வப்போம்."

"ஆண்டவருக்குன்னு குடுத்தத திரும்பக் கேக்கறது சரியாம்மா?"

நம் வக்கீல் எழுந்து ஆட்சேபித்தார். முன்சீப் கையைக் காட்டி உட்காரச் சொன்னார். நான் பெஞ்சின் நுனிக்கு வந்துவிட்டேன். உங்கள் முகத்தைப் பார்த்தேன். அதில் ஒரு குழப்பமும் இல்லை. ஞாயிறு பள்ளியில் குழந்தைகளுக்கு வசனம் சொல்லிக்கொடுக்கும் முகம்.

"தப்பு சார். குடுத்தத கேக்கக் கூடாது."

"அப்ப இந்தக் கட்டடம் எங்களுதுன்னு நீங்க சொல்லல?"

"எங்களுதுன்னு நான் எப்படி சொல்லுவேன்?"

"போதும்மா. ரொம்ப நன்றி."

முன்சீப் அதை ஆங்கிலத்தில் சொல்லச் சொல்ல டைப் மெஷின் தடதடவென்று அடித்தது. நீங்கள் கூண்டிலிருந்து இறங்கி வந்து என் பக்கத்தில் உட்கார்ந்து, "தண்ணி இருக்கா ஸ்டெல்லா?" என்று கேட்டீர்கள்.

திரும்பி வரும்போது ரயிலில் சிங்கபெருமாள்கோயில் வரைக்கும் எனக்குப் பேச்சே வரவில்லை. அப்புறம் கூடுவாஞ்சேரி வரைக்கும் நான் மட்டும்தான் பேசினேன். பக்கத்தில் கீரைக்கட்டோடு உட்கார்ந்திருந்த அம்மாள் பயந்து இடம் மாறிப்போனாள். "எங்களுதுன்னு ஒரு வார்த்த சொன்னா உங்க வாய் வெந்தா போயிடும்?" என்று கேட்டேன்.

"உங்கம்மா பிடி எடுத்து வச்சப்போ, நாளைக்கு இந்த செவுரு எனக்குன்னு நெனச்சா வச்சாங்க?" என்றீர்கள்.

"அம்மாவ ஏன் இழுக்கறீங்க?"

"நீதான் எப்பவும் இழுப்ப."

வண்டலூர் தாண்டும்போது டப்பாவைத் திறந்து எனக்குத் தயிர்சாதம் கொடுத்தீர்கள். வாங்கிச் சாப்பிட்டேன். கோபத்திலும் பசிக்கிறது, என்ன செய்வது?

தீர்ப்பு வந்தது. தோற்றோம். வாதிகளின் முக்கியமான சாட்சியே, கட்டடம் தங்களுடையது என்று சொல்ல மறுத்துவிட்டார், கொடுத்ததைத் திரும்பக் கேட்பது தவறு என்றும் ஒப்புக்கொண்டார் என்று முன்சீப் எழுதியிருந்தார். சபைக் கூட்டத்தில் உங்களை வைத்துக்கொண்டே பேசினார்கள். டிரஸ்ட்காரர்கள் உங்களைக் கவனித்துவிட்டார்கள் என்று ஒருவர் ஜாடையாகச் சொன்னார். நான் எழுந்து அவரைக் கிழித்துத் தொங்கவிட்டேன். நீங்கள் என் புடவை முந்தானையைப் பிடித்து இழுத்து உட்காரவைத்தீர்கள். உங்களைத் திட்டுகிற உரிமை எனக்கு மட்டும்தான் என்பது அவர்களுக்கு எப்படித் தெரியும்?

அப்பீல் போடுவது என்று முடிவானது. முதல் அப்பீல் அதே செங்கல்பட்டில் சப் ஜட்ஜ் முன்னால். வக்கீல் நம் இருவரையும் தன் வீட்டுக்கு வரச் சொன்னார். ஒரு வழி இருக்கிறது, அந்தக் கேள்வி எனக்குப் புரியவில்லை, பதற்றத்தில் சொல்லிவிட்டேன் என்று ஒரு பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டால், உங்களைத் திரும்பக் கூண்டில் ஏற்ற அனுமதி கேட்கலாம் என்றார். டைப் அடித்துத் தயாராகவே வைத்திருந்தார்.

நீங்கள் அதைப் பொறுமையாகப் படித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தீர்கள். "கேள்வி நல்லா புரிஞ்சுது சார். பதற்றமும் இல்ல."

"அம்மா, இது சும்மா ஒரு ஃபார்மாலிட்டி."

"பைபிள் மேல கை வச்சுச் சொன்னது. இன்னொரு தரம் அதே பைபிள் மேல கை வச்சு, முன்ன சொன்னது பதற்றம்னு சொல்லவா?"

வக்கீல் என்னைப் பார்த்தார். நான் உங்களைப் பார்த்தேன். நீங்கள் ஜன்னல் வழியே வெளியே நின்ற முருங்கை மரத்தைப் பார்த்தீர்கள்.

எனக்கு இது புதிதில்லை. என் அப்பா சானடோரியத்தில் படுத்திருந்தபோது நீங்கள்தான் வார்டு நர்ஸ், நமக்குப் பழக்கம் ஆரம்பித்ததே அங்கேதான். அப்பா ஒவ்வொருவரிடமும், "பொழச்சுடுவேனா?" என்று கேட்பார். டாக்டர் முதற்கொண்டு பெருக்குகிறவர் வரை எல்லாரும் பிழைத்துவிடுவீர்கள் என்றார்கள். உங்களிடமும் கேட்டார். "தெரியாதுங்க. காலைல பால் குடிச்சீங்களா?" என்றீர்கள். வராண்டாவில் உங்களைப் பிடித்து, ஒரு வார்த்தை ஆறுதலாகச் சொன்னால் என்ன என்று கத்தினேன். "எனக்குத் தெரியாததச் சொன்னா, நாளைக்கு எனக்குத் தெரிஞ்சதச் சொல்லும்போது அவர் நம்பமாட்டார்" என்றீர்கள். பிறகு ஒருநாள், "ஐயா, இந்த மாசம் எக்ஸ்ரே படம் நல்லா வந்திருக்கு" என்று நீங்கள் சொன்னபோதுதான் அப்பா முதல் முறையாக ராத்திரி முழுக்கத் தூங்கினார். இதெல்லாம் எனக்குத் தெரியும். தெரிந்தும் சொல்கிறேன், ஒரு நோயாளிக்கு முன்னால் சரியாக இருக்கிற குணம் ஒரு எதிர்க்கட்சி வக்கீலுக்கு முன்னால் சரியாக இருக்க வேண்டிய அவசியம் இல்லை.

கையெழுத்துப் போடவில்லை நீங்கள். அப்பீல் தள்ளுபடியானது. சப் ஜட்ஜ் உங்கள் பதிலை முழுதாக எடுத்துப் போட்டு, கீழ்க் கோர்ட் இதை நம்பியதில் தவறில்லை என்றார்.

பிறகு ஹைகோர்ட்டில் இரண்டாவது அப்பீல். அது எத்தனை வருஷம் இழுத்தது! தாம்பரத்தில் எலெக்ட்ரிக் ரயில் ஏறி பீச் ஸ்டேஷனில் இறங்கி, வெயிலில் நடந்து, அந்தச் சிவப்புக் கட்டடத்தின் வராண்டாவில் போய் உட்காருவோம். உங்களைக் கூப்பிடாமலேயே வந்துவிடுவீர்கள். ஹைகோர்ட்டில் சாட்சிக்கு வேலை இல்லை, வரவேண்டாம் என்று வக்கீல் சொன்னாலும் கேட்கவில்லை. எப்போதும்போல வெள்ளைப் புடவையில், இரண்டு பேருக்கும் டப்பாவில் சாப்பாடு கட்டிக்கொண்டு வருவீர்கள். நம் வழக்கின் நம்பர் வரும்போது ஜட்ஜ் எழுந்துபோய்விடுவார், அல்லது டிரஸ்டின் பெரிய வக்கீல் வேறு கோர்ட்டில் இருப்பார், அல்லது லீவு. ஒருநாள் அலுத்துப்போய், "கேஸ் நாம ஜெயிக்கணும்னு நீங்க ஜெபமாவது பண்றீங்களா?" என்று கேட்டேன்.

"தினமும் ரெண்டு வேள" என்றீர்கள்.

எனக்குத் தலையை எதிலாவது முட்டிக்கொள்ள வேண்டும் போல இருந்தது. கூண்டில் நின்று கெடுத்ததை முட்டிபோட்டு நின்று சரிசெய்யப் பார்க்கிறாள் இந்த மனுஷி என்று நினைத்தேன். அதை உங்கள் முகத்துக்கு நேராகச் சொல்லவும் செய்தேன். நீங்கள் சிரித்தீர்கள். உங்களைத் திட்டுவதில் இதுதான் பெரிய தொல்லை, நடுவில் சிரித்துவிடுவீர்கள்.

கடைசியில் விசாரணை நடந்தது. உண்மை எது என்பதைக் கீழே இரண்டு கோர்ட்டும் ஒரே மாதிரி முடிவு செய்துவிட்டால், இரண்டாவது அப்பீலில் ஹைகோர்ட் அதைக் கிளறாது என்றார்கள். நம் வக்கீல் எவ்வளவோ சொல்லிப் பார்த்தார். ஜட்ஜ் உங்கள் சாட்சியத்தைக் கையில் எடுத்து வாய்விட்டுப் படித்தார். படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார். இவ்வளவு காலம் இந்த வேலையில் இருக்கிறேன், தன் வழக்குக்கு எதிராக இவ்வளவு நேர்மையாகப் பேசிய சாட்சியை நான் பார்த்ததில்லை என்றார். பின்வரிசையில் உட்கார்ந்திருந்த உங்களுக்கு ஆங்கிலம் காதில் விழுந்ததோ இல்லையோ, எனக்கு விழுந்தது. உங்களைப் பாராட்டினார். பாராட்டிவிட்டு சர்ச்சை அவர்களுக்குக் கொடுத்தார்.

ஊருக்கு வந்து முனுசாமி அண்ணாவிடம் சொன்னோம். அவர் தராசுக்குப் பக்கத்தில் அப்படியே உட்கார்ந்துவிட்டார். "இன்னாக்கா, இப்பிடி பேஜாரா பூட்ச்சே? எங்க நைனாகிட்ட நான் இன்னான்னு சொல்றது?" அவர் அப்பா செத்துப் பல வருஷம் ஆகியிருந்தது. நீங்கள் அவருடைய கையைப் பிடித்துக்கொண்டு நின்றீர்கள்.

சபை சிதறியது. சிலர் பல்லாவரம் போனார்கள். நாங்கள் கொஞ்சம் பேர் கீழ்க்கட்டளையில் ஒரு ஓலைக் கொட்டகையை வாடகைக்கு எடுத்தோம். டிரஸ்ட் நம் சர்ச்சுக்கு ஒரு புதுப் போதகரை அனுப்பியது, ஹாலில் சைக்கிள் பெட்டிகளை அடுக்கியது. அந்த முதல் ஞாயிற்றுக்கிழமை நீங்கள் என்ன செய்தீர்கள்? அரிசிப் பையை எடுத்துக்கொண்டு அங்கேயே போனீர்கள். பின்னறைக்குப் போய், டின்னைத் தேடி எடுத்துத் துடைத்து, உங்கள் ஒரு வார அரிசியைக் கொட்டிவிட்டு, கடைசி பெஞ்சில் உட்கார்ந்து ஆராதனை கேட்டுவிட்டு வந்தீர்கள். யாரோ சொல்லி எனக்குத் தெரிந்தது. அன்று சாயங்காலமே உங்கள் வீட்டுக்கு வந்தேன்.

"ஜெயிச்சவங்களுக்கே அரிசி கொண்டுபோய்க் கொட்டறீங்களே, உங்களுக்கு ரோஷமே கெடையாதா?"

"அவங்களுக்கா கொட்டறேன்?"

"பின்ன யாருக்கு?"

நீங்கள் காபி போடப் போனீர்கள். நான் அந்தக் காபியைக் குடிக்காமல் எழுந்து வந்தேன். அதற்கப்புறம் ரொம்ப நாள் உங்களிடம் பேசவில்லை. அதில் எனக்கு இப்போதும் வருத்தமில்லை. அன்றைக்கு நான் பேசியிருந்தால் இன்னும் மோசமாகத்தான் பேசியிருப்பேன். ஸ்டேஷனில் எதிரெதிரே பார்த்தால் நீங்கள்தான், "பி.பி. பாத்துக்கிட்டியா?" என்று கேட்டுவிட்டுப் போவீர்கள்.

பிறகு நீங்கள் படுத்ததும், நான் வந்து உட்கார்ந்ததும், உங்களுக்குக் கஞ்சி புகட்டிக்கொண்டே நான் பழைய வழக்கைப் பேசியதும் உங்களுக்கே தெரியும். கடைசி வாரத்தில்கூட, "ஒரு வார்த்த, ஒரே ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம் நீங்க" என்றேன். "கஞ்சி ஆறுது" என்றீர்கள். அதுதான் இந்த வழக்கைப் பற்றி நாம் பேசிய கடைசிப் பேச்சு.

இப்போது நேற்றைய கதைக்கு வருகிறேன்.

நீங்கள் போன பிறகு தாம்பரத்தில் மனை விலை ஏறிய ஏற்றம் உங்களுக்குத் தெரியாது. ரோட்டோரத்தில் ஒரு முழம் இடம் இருந்தால் போதும், கடை முளைத்துவிடுகிறது. டிரஸ்ட் இப்போது சர்ச்சை இடித்துவிட்டு, இடத்தைக் கல்யாண மண்டபம் கட்டுகிற ஒருவருக்கு விற்கப் பேசிவிட்டது. அட்வான்ஸ்கூட வாங்கியாகிவிட்டது என்று பேச்சு. விஷயம் தெரிந்ததும் பல்லாவரம் போனவர்கள், கீழ்க்கட்டளைக்காரர்கள், டிரஸ்டின் போதகரிடமே ஆராதனைக்குப் போகிறவர்கள் எல்லாரும் ஒன்றாக வந்து நின்றார்கள். பழைய வக்கீல் காலமாகிவிட்டார். புது வக்கீல் சின்ன வயசுக்காரர், பழைய கேஸ் கட்டுகளையெல்லாம் எடுத்துப்போய்ப் படித்துவிட்டு என்னைக் கூப்பிட்டார்.

"டீச்சர், உங்க ஃபிரண்ட் ஒருத்தங்க சாட்சி சொல்லியிருக்காங்களே, அதுதான் இப்ப நம்மகிட்ட இருக்கற ஒரே ஆயுதம்" என்றார்.

எனக்குச் சிரிப்பதா அவரை அடிப்பதா என்று தெரியவில்லை. அவர் விளக்கினார். டிரஸ்ட் ஹைகோர்ட்டில் ஜெயித்ததே உங்கள் வார்த்தையை வைத்துத்தான். இது ஆராதனைக்காகக் கடவுளுக்கென்று கொடுக்கப்பட்டது, கொடுத்தவர்கள் திரும்பக் கேட்க முடியாது என்று சொல்லி ஜெயித்தவர்கள், அதையே சொந்தச் சொத்தாக நினைத்து விற்க முடியாது. ஆராதனைக்காகப் பாதுகாக்கத்தான் அவர்களுக்கு அதிகாரம். விற்பனைக்குத் தடை கேட்டு வழக்குப் போட்டார். தற்காலிகமாகத் தடையும் கிடைத்தது. ஆனால் ஒரு நிபந்தனை அக்கா. இந்த வழக்கில் சர்ச் சபையுடையது என்று நாம் மறுபடியும் கிளம்பினால், தோற்றுப்போன பழைய வழக்கையே திரும்பப் பேசுகிறோம் என்று தள்ளிவிடுவார்கள். "வாய் தவறிக்கூட எங்களுதுன்னு சொல்லிடாதீங்க டீச்சர்" என்றார்.

உங்களுக்குப் புரிகிறதா? கூண்டில் ஏற நான் எத்தனை வருஷம் ஆசைப்பட்டேன்! தமிழ்நாட்டில் யாரும் இப்படிச் சொன்னதில்லை என்கிற மாதிரி, எங்களுது, எங்க அம்மா பட்டினி கிடந்து கட்டினது என்று மூன்று கோர்ட்டுக்கும் கேட்கச் சொல்ல வேண்டும் என்று மனசுக்குள் ஒத்திகை பார்த்துவைத்திருந்தேன். சமையலறையில் சொல்லிப் பார்த்திருக்கிறேன், ரயிலில் சொல்லிப் பார்த்திருக்கிறேன். இப்போதும் உலை வைக்கும்போது என் கை ஒரு பிடியை எடுத்து டப்பாவில் போடுகிறது, எங்கே கொண்டுபோய்க் கொட்டுவது என்று தெரியாமலேயே. கடைசியில் எனக்குக் கூண்டு கிடைத்தது, சொல்ல வேண்டியதைச் சொல்லக் கூடாது என்ற கட்டளையோடு.

நேற்று ஏறினேன். பைபிள் மேல் கை வைத்தேன். பிடி அரிசியைப் பற்றிச் சொன்னேன், நீங்கள் சொன்ன அளவுக்கு அழகாக இல்லை. டிரஸ்டின் வக்கீல் எழுந்தார். இவரும் மரியாதைக்காரர்தான்.

"இந்தச் சொத்துல உங்களுக்கோ உங்க சபைக்கோ ஏதாவது உரிமை இருக்குன்னு சொல்றீங்களா?"

அம்மாவின் தட்டு ஞாபகம் வந்தது அக்கா. அவள் சோற்றை ஒரு பக்கமாக ஒதுக்கி, நிறைய இருக்கிற மாதிரி காட்டிக்கொண்டு சாப்பிடுவாள். வக்கீல் இன்னொரு தடவை கேட்டார்.

"இல்ல" என்றேன்.

"அப்ப நாங்க வித்தா உங்களுக்கு என்னம்மா?"

"எனக்கு இல்ல சார். உங்களுக்கும் இல்ல."

இது வக்கீல் சொல்லிக்கொடுத்ததில்லை, தானாக வந்தது. முன்சீப் நிமிர்ந்து பார்த்தார். இரண்டு வாக்கியத்தையும் டைப் அடிக்கச் சொன்னார். அதற்கப்புறம் கேள்வி இல்லை. ஜெயிப்போமா என்று தெரியாது. ஜெயித்தால் அவர்கள் அப்பீல் போவார்கள், தோற்றால் நாம் போவோம். எனக்கு மறுபடியும் பீச் ஸ்டேஷன் வெயில் காத்திருக்கிறது.

நான் இறங்கி வந்ததும் முனுசாமி அண்ணா ஓடி வந்தார். வயசாகிவிட்டது, கைத்தடியோடுதான் ஓட்டம். "சூப்பரா சொன்ன டீச்சர்! இத்த அந்தக்கா அன்னிக்கே சொல்லிகீறதுக்கு இன்னா?" என்றார்.

எனக்கு ஆத்திரம் பற்றிக்கொண்டு வந்தது. ஆமாம், 'உங்களுக்கும் இல்ல' என்ற அந்தப் பாதியையும் நீங்கள் அன்றைக்கே சேர்த்துச் சொல்லியிருந்தால் என்ன? விடுவிடுவென்று வராண்டாவுக்கு வந்தேன். பெஞ்சு முழுக்க ஜனங்கள். கோடியில் வெள்ளைப் புடவையில் ஒருத்தி, மடியில் சாப்பாட்டு டப்பாவை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். என் கால் நேராக அங்கேதான் போனது, திட்டுவதற்கு. வாயைக்கூடத் திறந்துவிட்டேன் அக்கா. அவள் நிமிர்ந்து, "யாரும்மா வேணும்?" என்று கேட்டாள்.